திணிவு, நிறை, எடை: எங்கட ஆய்வுகூடச் சொற்கள் எங்கிருந்து வந்தன?

உயர்தரத்தில் பௌதிகவியல் படிக்கிற ஒரு பிள்ளை இரவிலை யூரியூப்பில் தமிழ்நாட்டு ஆசிரியர் ஒருவருடைய வகுப்பைப் பார்க்கிறாள் என்று வைத்துக்கொள்ளுங்கோ. அவர் நல்லாத்தான் படிப்பிக்கிறார். "பொருளின் நிறை 5 கிலோகிராம்" என்கிறார். பிள்ளை அதை அப்படியே கொப்பியில் எழுதுகிறாள். அடுத்தநாள் பள்ளிக்கூடத்தில் அதே வசனம் பிழை. இலங்கைப் பாடநூலில் நிறை என்பது புவி ஒரு பொருளை இழுக்கிற விசை. அதை நியூற்றனில்தான் சொல்ல வேணும். கிலோகிராமில் சொல்லவேண்டியது திணிவு. தமிழ்நாட்டிலோ கிலோகிராமில் வருவது நிறை, நியூட்டனில் வருவது எடை.

ரெண்டு பக்கமும் தமிழ்தான், ரெண்டு பக்கமும் ஒரே பௌதிகம்தான். ஆனால் "நிறை" என்ற ஒரே சொல் பாக்குநீரிணையின் இந்தக் கரையில் ஒன்றையும் அந்தக் கரையில் வேறொன்றையும் சொல்லுது.

இது ஒன்று மட்டும் இல்லை. இங்கே கதி என்பது திசை பார்க்காத அளவு. வேகம் என்றால் திசையும் சேர்ந்தது. அங்கே வேகத்துக்குத் திசை இல்லை. திசை வேண்டுமென்றால் திசைவேகம். இங்கே ஒளி கண்ணாடிக்குள் போகும்போது நடப்பது முறிவு, அங்கே அது ஒளிவிலகல். எங்களுக்கும் விலகல் என்று ஒரு சொல் இருக்கு, ஆனால் அது அரியத்தால் கதிர் எவ்வளவு திரும்பியது என்பதைச் சொல்லுற வேறு அளவு. இங்கே அளவி என்றால் அமிலத்தைத் துளித்துளியாக விடுகிற நீண்ட கண்ணாடிக் குழாய். அங்கே வெர்னியர் அளவி என்றால் நாங்கள் இடுக்கிமானி என்று சொல்லும் கருவி.

நாங்கள் கலைப்பீடத்துக்காரர். எங்களுக்கு ஏன் இந்த வேலை என்று சிலர் கேட்கலாம். கலைச்சொல் என்பது ஒரு வரலாற்று ஆவணம் என்பதுதான் எங்கட பதில். ஒவ்வொரு சொல்லையும் யாரோ ஒருவர் ஒரு மாணவருக்கு விளங்கவைக்க வேண்டிய தேவையில் தெரிவுசெய்திருக்கிறார். அந்தத் தெரிவின் காரணத்தைத் தேடிப்போனால் சொல்லும் விளங்கும், அது குறிக்கிற பொருளும் விளங்கும். பாடமாக்கினால் ரெண்டும் விளங்காது.

வட்டுக்கோட்டையும் மானிப்பாயும்

கதை 1823இல் தொடங்குது. அமெரிக்க மிசனறிமார் வட்டுக்கோட்டையில் செமினரி ஒன்றை நிறுவினார்கள். டானியல் பூவர் அதன் முதல் அதிபர். அங்கே தமிழிலக்கியமும் சமயமும் கற்பித்ததோடு கணிதம், வானியல், அந்தக் காலத்தில் "இயற்கைத் தத்துவம்" என்ற பொருளில் அழைக்கப்பட்ட பௌதிகம் எல்லாம் கற்பித்தார்கள். தொல்காப்பியத்தையும் கலித்தொகையையும் ஏட்டிலிருந்து அச்சுக்குக் கொண்டுவந்த சி. வை. தாமோதரம்பிள்ளை இந்த செமினரியின் மாணவர். சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதற் பட்டதாரிகளில் அவரும் ஒருவர். இலக்கணமும் விஞ்ஞானமும் ஒரே வளவுக்குள் படிக்கப்பட்ட காலம் அது. செமினரி 1855இல் மூடப்பட்டது.

1847இல் யாழ்ப்பாணம் வந்தவர் மருத்துவர் சாமுவேல் ஃபிஸ்க் கிறீன். அடுத்த வருடமே மருத்துவ வகுப்புத் தொடங்கினார். முதலில் எல்லாம் ஆங்கிலத்தில்தான். ஆனால் ஒரு விசயம் அவருக்குப் பிடிபட்டது. ஆங்கிலத்தில் படித்து வெளியேறுகிற மருத்துவர்கள் அரசாங்க வேலை, பட்டணம் என்று போய்விடுகிறார்கள். கிராமத்துக்கு ஆள் இல்லை. ஒரு முறை ஊருக்குப் போய் 1862இல் திரும்பி வந்த பிறகு அவர் தமிழில் படிப்பிக்கத் தொடங்கினார். தமிழில் படித்தவர் தமிழ் ஊரிலேயே இருப்பார் என்பது அவருடைய கணக்கு. அவருக்கு மதம் பரப்புகிற நோக்கம் இருந்தது, அதை அவர் மறைக்கவும் இல்லை. ஆனால் தமிழில் மேற்கத்தேய மருத்துவத்தை முழுசாகப் படிக்கலாம் என்று அந்தக் காலத்திலேயே நடத்திக் காட்டியதும் அவர்தான்.

அதற்குப் புத்தகம் வேணும், புத்தகத்துக்குச் சொல் வேணும். கிறீனும் அவருடைய மாணவர்களும் நாலாயிரத்துக்கு மேற்பட்ட பக்கங்களை மொழிபெயர்த்தார்கள். இரண வைத்தியம், மனுஷ அங்காதிபாதம், வைத்தியாகரம், மனுஷ சுகரணம் என்று ஒரு வரிசையே இருக்கு. 1875இல் வந்தது இரசாயன நூல். அதன் பெயர் "கெமிஸ்தம்".

இந்தப் பெயரில் கொஞ்சம் நிற்பம். இரசாயனம் என்ற சொல் தமிழ் வைத்தியத்தில் ஏற்கெனவே இருந்தது. ஆனால் அதற்கு உடம்பை நீடிக்கவைக்கிற மருந்து, இரசவாதம் என்ற பழைய பொருள்கள் ஒட்டியிருந்தன. "கெமிஸ்தம்" எண்டு சொன்னால் ஆருக்கும் பழைய ஞாபகம் வராது. ஆங்கிலச் சொல்லை எடுத்து, மரம், பழம் போல அம் என்று முடித்துவிட்டால் அது தமிழ்ப் பெயர்ச்சொல்லாகி வேற்றுமை ஏற்கும். சொல்லுக்கு முதலில் தமிழில் தேடுவது, இல்லாவிட்டால் வடமொழி, அதுவும் இல்லாவிட்டால் ஆங்கிலச் சொல்லைத் தமிழ் ஓசைக்குள் கொண்டுவருவது என்பதுதான் கிறீனுடைய வழி. பிற்காலத்தில் "கெமிஸ்தம்" நிலைக்கவில்லை, இரசாயனவியல் வென்றது. ஆனால் அந்த மூன்று படிகளும் இன்றுவரை எங்கட பாடநூல்களில் உயிரோடு இருக்கு.

அதே மானிப்பாயில் 1920களின் தொடக்கத்தில் இந்துக் கல்லூரி அதிபராக இருந்தவர் பின்னாளில் சுவாமி விபுலாநந்தர் ஆனவர். காரைதீவில் பிறந்தவர், சம்பத்திரிசியார் கல்லூரியில் விஞ்ஞானம் படிப்பித்தவர், லண்டன் விஞ்ஞானப் பட்டதாரி. யாழ் நூல் எழுதியவர் என்றுதான் எங்களுக்கு அவரைத் தெரியும். 1930களில் சென்னையில் அறிஞர்கள் கூடித் துறைவாரியாகக் கலைச்சொல் ஆக்கிய முயற்சியிலும் அவருக்குப் பெரிய பங்கு இருந்தது. அதன் விளைவாக 1938இல் "கலைச்சொற்கள்" தொகுதி வெளிவந்தது. அதனால் ரெண்டு கரையும் எப்போதும் தனித்தனியாக இருந்தன என்று சொல்ல ஏலாது.

அரசாங்கம் சொல் ஆக்கிய காலம்

பிரிவு வந்தது அதற்குப் பிறகுதான். 1944இல் அரசாங்க சபை சிங்களத்தையும் தமிழையும் கல்விமொழியாக்கத் தீர்மானித்தது. 1945இல் இலவசக் கல்வி வந்தது. ஆங்கிலப் பள்ளிக்கூடத்துக்குக் காசு கட்டமுடியாத பிள்ளைகளும் இனி விஞ்ஞானம் படிக்கப்போகினம் என்றால் எல்லா வகுப்புக்கும் எல்லாப் பாடத்துக்கும் சொல் தேவை. 1950களின் நடுப்பகுதி தொடங்கி அரசகரும மொழித் திணைக்களம் பாடத்துக்கொரு சொற்றொகுதி வெளியிட்டது. பாடநூல், பரீட்சை வினாத்தாள், ஆசிரியர் கைநூல் எல்லாம் அந்தச் சொற்களையே பின்பற்றின. தமிழ்நாட்டில் வேறு குழுக்கள், வேறு காலத்தில், வேறு அரசியலோடு அதே வேலையைச் செய்தன. அங்கே பௌதிகம் இயற்பியலாகவும் இரசாயனம் வேதியியலாகவும் மாறிக்கொண்டிருந்தபோது இங்கே பௌதிகவியலும் இரசாயனவியலும் அச்சில் உறைந்துவிட்டன.

இலங்கைக் குழுக்கள் கிரந்த எழுத்தைத் தவிர்த்தன, தமிழ்ப் புணர்ச்சியை விடவில்லை. அதனால்தான் ஹைட்ரஜன் இங்கே ஐதரசன், ஆக்ஸிஜன் ஒட்சிசன். தமிழ்நாட்டு நண்பர்கள் இதைக் கேட்டுச் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். ஆனால் காபனீரொட்சைட்டு என்ற சொல்லை ஒருக்கால் பிரித்துப் பாருங்கோ. காபன், ஈர், ஒட்சைட்டு. இரு என்ற எண் உயிரெழுத்துக்கு முன்னால் ஈர் ஆகும் என்று இலக்கண வகுப்பில் படித்தோமே, அது இங்கே இரசாயனச் சூத்திரத்துக்குள் வேலை செய்யுது. ஒட்சிசன் ஒன்று மட்டும் இருந்தால் காபனோரொட்சைட்டு. ஒரு என்பது ஓர் ஆகிவிட்டது. இந்த இலக்கணம் தெரிந்த பிள்ளை பெயரைக் கேட்டவுடனேயே எத்தனை ஒட்சிசன் என்று சொல்லிவிடலாம்.

றகரத்தையும் கவனியுங்கோ. கல்சைற்று, சல்பேற்று, நியூற்றன் என்று எழுதுகிறோம். யாழ்ப்பாணத்துப் பேச்சில் "காற்று", "ஆற்று" என்பவற்றின் ற்று, நுனிநா மேல் அண்பல்லைத் தொடுகிற ஒலியோடு இன்னும் இருக்கு. ஆங்கிலத்தின் அந்த ஒலிக்கு எங்கட காதில் கிட்டநிற்பது டகரமல்ல, இந்த றகரம். எழுத்துக்கூட்டலிலும் ஊர்ப் பேச்சு பதிந்திருக்கு.

சொல்லுக்குள் இருக்கிற படம்

இப்ப தொடங்கின இடத்துக்கு வருவம். திணிவு, நிறை இந்த ரெண்டையும் எப்படித் தெரிவுசெய்தார்கள்?

சந்தையில் "நிறுத்துத் தாங்கோ" என்கிறோம். நிறுக்கிற செயலில் கிடைப்பது நிறை. விற்தராசு பொருளின் இழுவையைத்தான் உணருது. அதனால் நிறையை விசைக்குக் கொடுத்தது நியாயம். அப்படியென்றால் சந்திரனுக்குக் கொண்டுபோனாலும் மாறாத அந்தப் பொருளின் அளவுக்கு என்ன பெயர்? திணிந்திருப்பது திணிவு. நியூற்றனே இதைப் பொருளின் அளவு என்றுதான் விளக்கினார். புறநானூற்றின் இரண்டாம் பாட்டு நிலத்தைச் சொல்லத் தொடங்குவதும் இந்தத் திணிதல் என்ற வினையோடுதான். 60 கிலோகிராம் திணிவுள்ள ஒருவருடைய நிறை புவியில் கிட்டத்தட்ட 590 நியூற்றன். சந்திரனில் அதில் ஆறில் ஒரு பங்கு. திணிவு ரெண்டு இடத்திலும் 60தான்.

தமிழ்நாட்டுத் தெரிவுக்கும் காரணம் இருக்கு. எடுத்தால் தெரிவது எடை, தூக்குகிற கை உணர்வது விசை. எடையை விசைக்குக் கொடுத்தபிறகு நிறை மற்றதற்குப் போனது. ஒருபக்கம் நிறுக்கிற தராசில் தொடங்கியது, மற்றப்பக்கம் தூக்குகிற கையில் தொடங்கியது. எது சரி என்று சண்டைபிடிப்பதைவிட ரெண்டையும் அருகருகே வைத்துப் பார்த்தால் திணிவுக்கும் நிறைக்கும் உள்ள வித்தியாசம் இன்னும் தெளிவாகும்.

ஒளியியலில் இந்தப் படங்கள் இன்னும் அழகு. தெறிப்பு: சுவரில் பட்ட பந்து தெறிக்கிற மாதிரி ஒளி தெறிக்குது. தமிழ்நாட்டில் அது எதிரொளிப்பு. முறிவு: தண்ணிக்குள் வைத்த தடி முறிந்தமாதிரித் தெரியும், அந்தக் காட்சியே சொல்லாகிவிட்டது. வில்லை: கற்பூர வில்லை, மருந்து வில்லை என்று வட்டமான சின்னத் துண்டுக்குச் சொல்லுற சொல்தான். மேற்கத்தேயப் பெயரும் இலத்தீனில் ஒரு பருப்பின் பெயர். அந்தப் பருப்பின் வடிவத்தைப் பார்த்து வைத்தது. அரியம்: அதற்குரிய கிரேக்கச் சொல்லின் பொருள் வாளால் அரியப்பட்டது. தமிழிலும் அரிதல் இருக்கு. தமிழ்நாட்டின் முப்பட்டகம் வெட்டியதைப் பார்க்கவில்லை, வெட்டியபின் உள்ள மூன்று பட்டைகளைப் பார்த்தது.

அரியத்தை வைத்து முறிவுச்சுட்டி காணுகிற கருவிக்குத் திருசியமானி என்று பெயர். பிள்ளைகளுக்கு நாக்குச் சுளுக்குகிற சொல் இது. திருசியம் என்பது வடமொழியில் காணப்படுவது, காட்சி. நிறமாலைக்குரிய இலத்தீன் சொல்லின் பொருளும் தோற்றம் என்பதே. ஆக, கிறீனுடைய இரண்டாம் படி, வடமொழிப் படி, இங்கே அப்படியே தெரியுது. இந்த விளக்கத்தை ஒரு நிமிசத்தில் சொல்லிவிட்டுத் தொலைகாட்டியைத் திருப்பச் சொன்னால் அந்தச் சொல் பயமுறுத்தாது.

எங்களுக்குப் பிடித்தது வழு. ஆய்வுகூடத்தில் இடுக்கிமானியின் தாடைகள் ரெண்டும் தொட்டுக்கொண்டிருக்கும்போது அளவீடு பூச்சியத்தைக் காட்டாவிட்டால் அது பூச்சிய வழு. ஒவ்வொரு வாசிப்பிலும் அதைத் திருத்த வேணும். தமிழ்நாட்டில் சுழிப்பிழை என்பார்கள். பிழைக்கும் வழுவுக்கும் வித்தியாசம் என்ன? வழு இலக்கணக்காரருடைய சொல். வழாநிலை, வழு, வழுவமைதி என்று நன்னூல் வகுப்பில் கேட்டிருப்போம். அதில் வழு என்பது முறையிலிருந்து நழுவுதல். பூச்சிய வழுவும் அதுதான்; கருவி ஒரே பக்கம், ஒரே அளவு நழுவியிருக்கு. அந்த அளவு தெரிந்தால் கழித்துவிடலாம். இந்தச் சொல்லைத் தெரிவுசெய்தவர் நன்னூல் படித்திருப்பார் என்பது எங்கட ஊகம்.

காலுக்குக் கீழே உள்ள கனியம்

கனியவியலுக்கு வந்தால் சொற்கள் நிலத்தில் கிடக்கு. குடாநாட்டின் அடியில் இருப்பது மயோசீன் காலச் சுண்ணாம்புக்கல். கிணறு வெட்டும்போது வருகிற வெள்ளைக் கல், நிலாவரையின் ஆழம், 1950இல் தொடங்கிய காங்கேசன்துறைச் சீமெந்துத் தொழிற்சாலை எல்லாம் இந்த ஒரு கல்லோடு சம்பந்தப்பட்டவை. அந்தக் கல்லின் பிரதான கனியம் கல்சைற்று. ஐதான ஐதரோக்குளோரிக்கமிலம் ஒரு துளி விட்டால் நுரைத்து வருவது நாங்கள் மேலே பிரித்துப் பார்த்த காபனீரொட்சைட்டு.

கல்சைற்றின் தெளிந்த பளிங்கு ஒன்றை எழுத்தின் மேல் வைத்தால் எழுத்து ரெண்டாகத் தெரியும். 1669இல் டென்மார்க்கைச் சேர்ந்த பார்த்தோலின் ஐசுலாந்திலிருந்து வந்த பளிங்கில் இதைக் கண்டு எழுதினார். உள்ளே போகிற ஒளி ரெண்டு கதிர்களாகப் பிரியுது. ஒன்றுக்கு முறிவுச்சுட்டி 1.658, மற்றதற்கு, திசையைப் பொறுத்து, 1.486 வரை இறங்கும். இதற்கு இரட்டை முறிவு என்று பெயர். எங்கட கிணத்துக்கல்லிலும் உள்ளது அதே கனியம்தான். ஆனால் அதில் பளிங்குகள் மிகச் சின்னனாய்க் குழம்பிக் கிடப்பதால் கல் வெறும் வெள்ளையாய்த் தெரியுது.

ஊர்ச்சொல் கலைச்சொல்லான உதாரணமும் இருக்கு. கரையோரத்து மக்கள் சொல்லுற முருகைக்கல்தான் இலங்கைப் பாடநூலில் முருகைக்கற்பாறை ஆனது. தமிழ்நாட்டில் அது பவளப்பாறை. புல்மோட்டையில் அள்ளுகிற கறுப்பு மணலைக் கனிய மணல் என்கிறோம், அதற்குள் இருப்பது இல்மனைற்று. மறுபக்கம், ஆபத்தான சொல் ஒன்றும் இருக்கு. போகலையில் தோண்டி எடுக்கிற பென்சில் கரியை இலங்கைப் புவியியல் நூல்கள் காரீயம் என்கின்றன. அது காபன். ஆனால் பழைய தமிழ் வழக்கிலும் தமிழ்நாட்டிலும் காரீயம் ஒரு உலோகம், நச்சுத்தன்மையுள்ள ஈயம். வெள்ளையாய் இருப்பது வெள்ளீயம், கறுப்பாய் இருப்பது காரீயம் என்ற பிரிப்பு அது. பென்சில் கரியும் தாளில் கறுப்பாய் இழுபடுவதால் ஐரோப்பியரும் ஒரு காலத்தில் அதை ஈயம் என்றே நம்பினார்கள். அதனால்தான் ஆங்கிலத்தில் பென்சிலின் உள்ளே இருப்பதற்கு இன்னும் ஈயத்தின் பெயர். ஒரு சொல்லை எந்த நாட்டுப் புத்தகத்தில் வாசிக்கிறோம் என்று பார்க்காவிட்டால் பொருளே மாறிப்போகும்.

பத்தொன்பது வயதில் முடிகிற மொழி

இவ்வளவு உழைத்து ஆக்கிய சொற்களுக்கு என்ன நடக்குது? உயர்தரப் பரீட்சை எழுதி முடிந்து விஞ்ஞானபீடம், மருத்துவபீடம், பொறியியற்பீடம் போகிறவர்களுக்கு அடுத்த நாளிலிருந்து எல்லாம் ஆங்கிலம். திணிவும் திருசியமானியும் பாடசாலை வளவுக்குள்ளேயே நின்றுவிடுது. கிறீன் தமிழில் மருத்துவர்களை உருவாக்கிய ஊரில் இன்று எந்த மருத்துவரும் தமிழில் படித்து வருவதில்லை. ஆங்கிலம் வேண்டாம் என்று நாங்கள் சொல்லவில்லை. உலகத்தோடு பேச அது வேணும். ஆனால் ஒரு சொல்லைப் பாவிக்கிறவர்கள் எல்லாரும் பத்தொன்பது வயதுக்கு உட்பட்டவர்கள் என்றால் அந்தச் சொல்லை யார் திருத்துவது, யார் வளர்ப்பது? புதிய கருவி வந்தால், புதிய கனியம் தோண்டினால், நிலத்தடி நீர் பற்றி ஊரில் கூட்டம் வைத்தால், எந்தச் சொல்லால் விளக்குவது?

சுன்னாகம் பகுதிக் கிணறுகளில் எண்ணெய் கலந்த பிரச்சினை வந்தபோது மக்கள் கேட்ட கேள்விகள் எல்லாம் இரசாயனக் கேள்விகள்தான். என்ன கலந்திருக்கு, எவ்வளவு, குடிக்கலாமா. சுண்ணாம்புக்கல்லின் வெடிப்புகளுக்குள்ளால் எதுவும் விரைவாக ஊர்ந்துபோகும் என்பதை அறிந்த சனம், அதைச் சொல்லுற கலைச்சொல்லையும் அறிந்திருந்தால், அறிக்கையை வாசித்துத் தாங்களே கேள்வி கேட்கலாம். கலைச்சொல் அப்போது பரீட்சைச் சரக்கு இல்லை, ஊர்க்கூட்டத்தில் எழும்பிப் பேசுவதற்கான உரிமை.

அதனால் நாங்கள் கேட்பது பெரிய விசயம் இல்லை. விஞ்ஞானம் படிக்கிற தம்பி தங்கச்சிமார் ஒரு கொப்பி வைத்திருங்கோ. முதல் நிரலில் எங்கட சொல், இரண்டாவதில் தமிழ்நாட்டுச் சொல், மூன்றாவதில் ஆங்கிலச் சொல்லைத் தமிழில் எழுதியது. நாலாவதில் ஏன் அந்தப் பெயர் என்று ஒரு வரி. அந்த நாலாவது நிரல்தான் முக்கியம். நூலகம் இணையத்தளத்தில் ஈழத்துப் பழைய நூல்கள் ஆயிரக்கணக்கில் மின்வடிவில் கிடக்கு, தேடிப்பாருங்கோ. தமிழ் விக்கிப்பீடியாவில் இலங்கை வழக்கும் தமிழ்நாட்டு வழக்கும் பக்கத்துப் பக்கத்தில் எழுதுகிற ஆட்களும் இருக்கினம், அவர்களோடு சேரலாம்.

பல்கலைக்கழகம் போய் ஆங்கிலத்துக்கு மாறினவர்களிடம் ஒன்று கேட்கிறோம். வருசத்தில் ஒரு கட்டுரையாவது தமிழில் எழுதுங்கோ, நீங்கள் ஆய்வுகூடத்தில் இப்ப செய்கிற வேலையைப் பற்றி. சொல் கிடைக்காத இடத்தில் கிறீனுடைய மூன்று படியில் ஏறிப்பாருங்கோ. சரிவராவிட்டால் அனுப்புங்கோ, இலக்கணம் படிக்கிற நாங்கள் இருக்கிறம், சேர்ந்து யோசிப்பம்.